ஓட்டைவாய்

மகுடம் துறந்த மன்னர்களை வரலாறு மறப்பதில்லை. அரண்மனையை விட்டு வனத்துக்குப் போனவர்கள், வெற்றி வாசலில் வந்து நிற்கும்போது வாளைக் கீழே போட்டவர்கள், புகழின் உச்சியில் போதும் என்று கைகழுவியவர்கள். இவர்களோடு ஒரே வரிசையில் வைத்து எண்ணத்தக்கவன் அவன். வீட்டுக்கு வீடு தன் முகம் ஒளிர்ந்துகொண்டிருந்த காலத்தில், கல்வியே பெரிதென்று, பத்து வயதில் கலையைத் துறந்தவன்.

தொலைக்காட்சி நிலையத்தின் விளம்பரத்தில் ஒரு கனத்த குரல் இப்படித்தான் முழங்கியது. உண்மையில் அவன் துறந்தது செம்மலின் ஆள்காட்டி விரலை. அதையும் பற்களுக்கு நடுவில் கொஞ்ச நேரம் வைத்திருந்து, செம்மல் போட்ட அலறலில் மேல்மாடி ஜன்னல்கள் திறந்த பிறகுதான் துறந்தான். கல்வி அப்போது அவன் நினைப்பிலேயே இல்லை. ஏழாம் வாய்ப்பாட்டுக்கு மேல் வராது.

செம்மல் என்பது பெயரில்லை, பட்டம். 'சின்னத்திரைச் செம்மல்.' யார் கொடுத்தார்கள் என்று கேட்டால் மக்கள் என்பார். மக்கள் கொடுப்பதற்கு வசதியாக அதைச் சுவரொட்டியில் அச்சடித்துத் தந்தவர் அவருடைய மைத்துனர், அச்சகம் வைத்திருந்தார். அந்தச் செம்மல் எடுத்த குடும்பத் தொடரில்தான் அவன் ஓட்டைவாய். மேல்வரிசையில் முன்பல் ஒன்று விழுந்த பையன். காதில் விழுந்ததையெல்லாம் போட்டு உடைக்கிற பையனும்கூட. ஆக, பெயருக்கு இரட்டைப் பொருத்தம். பெரியவர்கள் குசுகுசுவென்று பேசும்போது கதவிடுக்கில் நிற்பான்; பிறகு கூடத்துக்கு வந்து, இடுப்பில் கை வைத்து, "நா ஒன்னு தொல்லட்டுமா?" என்பான். அவன் 'தொன்னால்' அன்றைக்கு ஒரு கல்யாணம் நின்றுபோகும், இல்லையென்றால் ஓர் அண்ணன் தம்பி பிரிவார்கள். தொடர் பல வருடம் ஓடியதற்கு அந்தப் பல் சந்து ஒன்றே காரணம்.

அந்தக் குரல் அவனுடையதில்லை. ஓட்டைவாய்க்குப் பேசியது ஒரு நாற்பது வயது அம்மாள். டப்பிங் கூடத்தில் அவளை ஒரே ஒரு தடவை பார்த்திருக்கிறான். ஆஜானுபாகுவான பெண்மணி, கையில் தேநீர்க் கோப்பை, கன்னத்தைக் கிள்ளிவிட்டு, "என்னடா தங்கம், தொல்லட்டுமா?" என்றாள். அத்தனை பெரிய உடம்பிலிருந்து தன் குரல் வெளியே வந்ததைக் கேட்டு அவன் அப்பாவின் காலைக் கட்டிக்கொண்டான். பல நாள் வாயைத் திறக்கவே பயந்தான். அவன் சொந்தக் குரல் அப்போதே தகரத்தைத் தரையில் இழுப்பதுபோல் இருக்கும். வளர வளரத் தகரம் பெரிதானது.

சரி, குரலை விடுங்கள். பல்லுக்கு வருவோம்.

முதலில் விழுந்தது பால்பல். அது தன் இஷ்டத்துக்கு விழுந்தது, அதில் யாரையும் குற்றம் சொல்ல முடியாது. பிறகு அதே இடத்தில் புதுப்பல் முளைத்தது. அந்தப் பல் செய்த தப்பு அது ஒன்றுதான். செம்மலின் படக் கம்பெனி இழவு வீடு மாதிரி ஆகிவிட்டது. ஓட்டை அடைந்தால் ஓட்டைவாய் ஏது, ஓட்டைவாய் இல்லாவிட்டால் தொடர் ஏது? கறுப்பு மை தடவிப் பார்த்தார்கள், எச்சிலில் கரைந்தது. அப்போதுதான் செம்மல் எழுந்து நின்று சொன்னார்: "கலைக்காக அவனவன் தலையையே கொடுத்திருக்கான். இவன் ஒரு பல்லு கொடுக்க மாட்டானா?" தலை கொடுத்தவர்கள் பட்டியலில் செம்மலின் சொந்தக்காரர் எவரும் இல்லை.

கம்பெனிக்கு வேண்டிய பல் டாக்டர் ஒருவர் இருந்தார். நாற்காலியில் உட்கார வைத்து, அப்பா அவனுடைய இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். "இதுவும் பால்பல்லுதான்டா கண்ணா. இது போனா இன்னொன்னு வரும்" என்றார். அவனும் நம்பினான். அப்பா சொன்னால் வரும். படப்பிடிப்பில் விளக்கு போடுகிற நேரம், காரில் போகிற நேரம், தூங்கப் போகிற நேரம் என்று நாக்கு நுனியால் அந்தக் குழியைத் தடவிக்கொண்டே இருந்தான். எந்தக் கூர்மையும் தட்டுப்படவில்லை. "எப்பப்பா வரும்?" என்றால், "வரும் வரும்" என்பார் அப்பா, பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல்.

குழி மட்டும் சும்மா இருக்கவில்லை. பக்கத்துப் பல் மெல்ல மெல்ல நகர்ந்து அதை அடைக்கப் பார்த்தது. ஒரு நாள் செம்மல் அவன் வாயைத் திறக்கச் சொல்லி, விரலை உள்ளே விட்டு, "இதையும் எடுத்துட்டா ஒரு வருஷம் கவலையில்ல" என்று அப்பாவைப் பார்த்துச் சொன்னார். மீதியை முன்பே சொல்லியாகிவிட்டது. கல்வி அங்கிருந்துதான் தொடங்குகிறது.

இப்போது அவனுக்கு நாற்பதை நெருங்குகிற வயது. ஒரு பல் செட் செய்கிற கூடத்தில் வேலை. டாக்டர்கள் எடுத்து அனுப்பும் வாய் அச்சில் சிமென்ட் மாதிரி இறுகும் மாவை ஊற்றி, மெழுகில் ஈறு கட்டி, அதில் பல்லை வரிசையாக நட்டு, வேகவைத்து, ராவி எடுக்கிற வேலை. அறை முழுக்க வெள்ளைத் தூசி. அலமாரியில் ஆளில்லாத தாடைகள் அடுக்கடுக்காக இளித்துக்கொண்டிருக்கும். இவ்வளவு தொழில் இருக்க ஏன் இதற்கு வந்தாய் என்று யாரும் அவனைக் கேட்டதில்லை. கேட்டிருந்தால் மணிக்கணக்கில் சொல்லியிருப்பான். வேலை கற்றுக்கொண்டு அவன் செய்த முதல் பல்லே தனக்குத்தான். ரோஸ் நிறத் தகட்டில் ஒற்றைப் பல். கொஞ்சம் மஞ்சள் ஓடிய நிறம். நல்ல பல்தான். என்ன, ராத்திரி கழற்றித் தண்ணீரில் போட வேண்டும்.

எடுத்ததற்கெல்லாம் எரிந்து விழுவான் என்று அவனுக்குக் கூடத்தில் பேர் உண்டு. பக்கத்து மேசையில் உட்கார்ந்து பல்லுக்கு மெருகு போடுகிறவர், "காலைலயே கடிச்சுக் குதறாதப்பா, நான் ஒன்னும் செம்மல் இல்ல" என்பார். தெருவில் யாராவது முகத்தை அடையாளம் கண்டு "தொல்லட்டுமா?" என்று பின்னாலிருந்து கத்தினால், அன்றைக்கு வருகிற செட்டுகளில் ஒன்றாவது கோணலாகப் போகும்.

அப்படிப்பட்டவனைத்தான் தொலைக்காட்சி நிலையத்திலிருந்து ஒரு பெண் போனில் கூப்பிட்டாள். தொடர் வந்து முப்பது வருடம் ஆகிறதாம். விழா எடுக்கிறார்களாம்.

"ஓட்டைவாய் சார் இருக்காங்களா?"

"நான்தான்."

"இல்லங்க, அந்த சீரியல்ல நடிச்ச..."

"அதான் நான்தான்னு சொல்றேனே!"

"சளி பிடிச்சிருக்கா சார்?"

அந்த நிமிடமே போனை வைத்திருப்பான். ஆனால் அந்தப் பெண் அடுத்து ஒன்று சொன்னாள்: "செம்மல் ஐயா மேடையில இருப்பாரு சார். அவரு முன்னாடி நீங்க மனசுவிட்டுப் பேசணும். எல்லா வீட்டுலயும் பாப்பாங்க."

எல்லா வீட்டிலும். அவன் கையிலிருந்த மெழுகு இறுகிப்போகும்வரை அப்படியே நின்றான். எந்தெந்த வீட்டில் உட்கார்ந்து அந்தக் குழியைப் பார்த்துச் சிரித்தார்களோ, அந்தந்த வீட்டில் இதையும் கேட்கட்டும். கடன் வாங்கிய குரலில் இல்லை, இந்தத் தகரக் குரலிலேயே கேட்கட்டும். ஒரு தடவை கேட்டால் போதும். அதற்குப் பிறகு எவன் பின்னாலிருந்து கத்தினாலும் திரும்பிப் பார்க்க வேண்டியதில்லை.

"வரேன்" என்றான்.

வீட்டில் மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தாள். விஷயத்தைக் கேட்டுவிட்டு, "போய்ச் சொல்லிட்டு வந்துடுங்க. இங்க கேட்டுக் கேட்டு எனக்கே பல்லு கூசுது" என்றாள். பிறகு மடிப்பதை நிறுத்தி, "நிஜமாவே சொல்லிடுவீங்களா? மாமாவும் வருவாரே" என்றாள்.

"அவரு வரணும். அவரு முன்னாடிதான் சொல்லணும்."

மாமா, அதாவது அவன் அப்பா, அதற்குள் கோட்டை எடுத்து உதறிக்கொண்டிருந்தார். 'ஓட்டைவாயின் தந்தை' என்று அச்சடித்த அட்டை ஒரு கட்டு அவரிடம் இன்னும் மிச்சம் இருந்தது. அதுவும் செம்மலின் மைத்துனர் உபயம். "எனக்கு முன்வரிசைதான?" என்று கேட்டார். "புள்ளையப் பெத்தவன தூணுக்குப் பின்னால உக்கார வச்சிடப் போறானுங்க."

விழா மண்டபத்தில் குளிர் எலும்பைத் துளைத்தது. அந்தப் பெண் அவனை ஒப்பனை அறையில் உட்கார வைத்து, "நீங்க உங்க மனசுல பட்டத அப்படியே பேசுங்க சார்" என்றாள். உடனே ஒரு தாளை நீட்டி, "மனசுல பட வேண்டியது இதுல இருக்கு" என்றாள். அவன் அதை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டான். ஒப்பனைக்காரர் மூக்கில் பவுடர் தட்டியபடி, "நீங்க சின்ன வயசுல இன்னும் களையா இருப்பீங்க" என்று ஆறுதல் சொன்னார்.

மேடையில் செம்மலுக்கு என்று ஒரு நாற்காலி. அதில் உட்கார வேண்டும் என்றால் முதலில் ஏற வேண்டும். வெயில் இல்லாத இடத்திலும் கறுப்புக் கண்ணாடி. ஆள்காட்டி விரலில் பழைய தழும்பு. தொகுப்பாளர் அதைப் பற்றிக் கேட்டபோது செம்மல் விரலை விளக்குக்கு நேராகப் பிடித்து, "இது கலை என்மேல போட்ட கையெழுத்து" என்றார். கூட்டம் தட்டியது. ஓரத்தில் ஒருவர் கையைத் தூக்கினால் தட்டுவார்கள், இறக்கினால் நிறுத்துவார்கள்.

பிறகு அவனைக் கூப்பிட்டார்கள். ஒலிவாங்கியைப் பிடுங்காத குறையாக வாங்கினான்.

"எல்லாரும் நான் படிக்கப் போனேன்னு சொல்றீங்க" என்று ஆரம்பித்தான். முதல் வார்த்தையிலேயே மூன்றாம் வரிசையில் யாரோ 'ஐயோ' என்றார்கள், குரலைக் கேட்டு. "நான் படிக்கப் போகல. இவரு என் பல்லப் புடுங்குனாரு. ஆடுன பல்லு இல்லய்யா, வேர் விட்ட பல்லு. எங்கப்பா என் கையப் புடிச்சுக்கிட்டாரு. இன்னொன்னு வரும்னு பொய் சொன்னாங்க. நான் நாக்கால தடவித் தடவிப் பாத்தேன். வரல. நீங்கள்லாம் பாத்துப் பாத்துச் சிரிச்சீங்களே, அது என் வாயில இருந்த குழி. ஒரு சின்னப் பையன் வாயில தோண்டுன குழி. அசிங்கம்! இது அசிங்கம்!"

மண்டபம் அமைதியானது. கை தூக்குகிறவரின் கை பாதி வழியில் நின்றது. முன்வரிசையில் ஒரு பெண்மணி தன் மகனின் வாயைப் பார்த்தாள். இத்தனை வருடமாக அவன் மனதுக்குள் ஒத்திகை பார்த்த அமைதி இதுதான். அங்கேயே ஒலிவாங்கியை வைத்துவிட்டு இறங்கியிருக்கலாம்.

ஆனால் கோபக்காரனுக்குப் போதும் என்பது தெரியாது. ஆதாரத்தையும் காட்டிவிடலாம் என்று நினைத்தான். வாய்க்குள் கையை விட்டு, தகட்டைக் கழற்றி, அந்த ஒற்றைப் பல்லை விளக்கு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தான்.

"இந்தா பாருங்க! தொன்னா நம்ப மாட்டீங்களா?"

பல் இல்லாத வாயில் 'சொன்னா' நுழையாது. அவன் என்ன செய்வான்? நாலு வாரமாக மழை பார்க்காத தகரக் கூரையில் ஆலங்கட்டி விழுந்த மாதிரி மண்டபம் வெடித்தது. யாரும் கை தூக்கிக் காட்டவில்லை, அவர்களே எழுந்து நின்று தட்டினார்கள். "தொல்லட்டுமா! தொல்லட்டுமா!" என்று பின்வரிசைகள் ஆடின. தொகுப்பாளர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "நமக்காக, நம்ம எல்லாருக்காகவும், பழைய ஓட்டைவாயாவே வந்து நிக்கிறாரு!" என்று அலறினார். "நான் அதுக்காகக் கழட்டல! தொல்றதக் கேளுங்கய்யா!" என்று அவன் கத்தினான். கத்தக் கத்தக் கைத்தட்டல் ஏறியது.

செம்மல் நாற்காலியிலிருந்து இறங்கி வந்து அவனைக் கட்டிக்கொண்டார். காதருகில் வாயை வைத்து, "பிரமாதம்டா! ஓட்ட அப்படியே இருக்கு பாரு. நான் அன்னைக்கே சொன்னேன், நிக்கும்னு" என்றார்.

அவன் அவரைத் தள்ளிவிட்டு இறங்கினான். திரும்பும் வழியில் காரில் அப்பா ஜன்னலைப் பார்த்தபடி வெகுநேரம் தலையாட்டிக்கொண்டே வந்தார். "குரல்தான் கொஞ்சம் கரகரப்பு. ஆனா பல்லக் கழட்டுனே பாரு, அங்க நிக்கிறே."

"நான் உங்களத்தான்ப்பா சொன்னேன்! கையப் புடிச்சுக்கிட்டதச் சொன்னேன்!"

"கேட்டுச்சுடா. இவ்ளோ பெரிய மேடையில அப்பாவ நெனச்சுப் பாத்தியே."

அவன் வண்டியை விரட்டினான். ஆனாலும் ஒன்று பாக்கி இருந்தது. மண்டபத்தில் இருந்தவர்கள் கைதட்டக் கூட்டி வந்தவர்கள். வீட்டில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு யாரும் கையைத் தூக்கிக் காட்டப் போவதில்லை. கழற்றியதைப் பார்த்துச் சிரித்தாலும் சிரிக்கட்டும். அதற்கு முன்னால் சொன்னது சொன்னதுதான். அது என் குரலில் இருக்கிறது. ஒளிபரப்பாகட்டும்.

பல் செட் கூடத்தில் எல்லோரிடமும் சொல்லி வைத்தான். ஒளிபரப்பு நாளன்று மாலை மெருகுக்காரர் வீட்டுக்கே வந்துவிட்டார். அப்பா கோட்டோடு சோபாவில் உட்கார்ந்தார். மனைவி கதவருகே நின்றாள். விளம்பரங்கள் முடிந்து, செம்மல் கையெழுத்து முடிந்து, அவன் மேடை ஏறினான். ஒலிவாங்கியை வாங்கினான். வாயைத் திறந்தான்.

வெண்கலத்தைத் தேனில் தோய்த்த மாதிரி ஒரு குரல் வந்தது.

"எல்லாரும் நான் படிச்சுட்டேன்னு சொல்றீங்க. நான் என்ன படிச்சேன்? இவரு என்னப் பள்ளிக்கு அனுப்புனாரு. வாடுன பிள்ளை இல்லய்யா, வேர் விட்ட பிள்ளை. எங்கப்பா என் கையப் புடிச்சு நடத்துனாரு. இன்னும் வரும், போய் வான்னாங்க. நீங்கள்லாம் பாத்துப் பாத்துச் சிரிச்சீங்களே, அதுதான் என் வாழ்க்கைக்குக் கிடைச்ச வழி. சிங்கம்! இவரு சிங்கம்!"

திரையில் அவன் கழுத்து நரம்பு புடைத்திருந்தது. கண்ணில் நீர் தளும்பியது. 'சிங்கம்' என்கிற இடத்தில் காமிரா செம்மலின் முகத்துக்குப் போய், அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பதில் நின்றது.

"யாருங்க அது?" என்றாள் மனைவி மெல்ல.

மெருகுக்காரர் தொண்டையைச் செருமி, "உதடு எங்கயுமே இடறலப்பா" என்றார். தொழில்காரர், அவருக்குப் பொருத்தம்தான் முதலில் கண்ணில் படும். பிறகு அவன் முகத்தைப் பார்த்துவிட்டுச் செருப்பைத் தேடினார்.

அப்பா கைக்குட்டையால் மூக்கைச் சிந்தினார். "இப்பதான் குரல் சரியா விழுந்திருக்கு."

அவன் போனை எடுத்துக்கொண்டு சமையலறைக்குப் போனான். அந்தப் பெண் முதல் மணியிலேயே எடுத்தாள்.

"சார்! பாத்தீங்களா சார்? இங்க எல்லாரும் அழறோம் சார்!"

"என்னம்மா பண்ணி வச்சிருக்கீங்க? நான் சொன்னது எங்க?"

"அப்படியேதான் சார் இருக்கு. உங்க ஃபீல்ல நாங்க கையே வைக்கல. வார்த்தைய மட்டும்தான் மாத்தினோம்."

"வார்த்தைய மாத்திட்டு வேற என்னத்தடி வச்சிருக்கீங்க!" அவன் போட்ட கத்தலில் அடுப்பு மேலிருந்த மூடி அதிர்ந்தது. "அவன் என் பல்லப் புடுங்கினான்! பள்ளிக்கு அனுப்பல! புடுங்கினான்! அது என் குரலே இல்ல!"

மறுமுனையில் அவள் கோபப்படவில்லை. நிஜமாகவே புரியாமல் கேட்டாள்.

"உங்களுக்கு எப்பவுமே டப்பிங்தானே சார்?"

அவன் வாயைத் திறந்தான். கெட்ட வார்த்தைகள் ஒரு பெரிய வரிசையாக வந்து தொண்டையில் நின்றன. எதை முதலில் விடுவது என்று தெரியாமல் நிற்கும்போதே அவள், "நம்ம ரைட்டர் சாப்பிடக்கூட இல்லாம உக்காந்து உதட்டுக்குப் பொருத்தமா எழுதினாரு சார். அசிங்கத்துக்குத்தான் ரொம்ப யோசிச்சாரு. உங்க பெரிய ஃபேன் சார் அவரு" என்று சொல்லி, இன்னொரு போன் வருகிறது என்று வைத்துவிட்டாள்.

அவன் போனைச் சுவரில் எறிந்தான். அது பிரிட்ஜில் பட்டு, துணிக்கூடையில் விழுந்து, உடையாமல் கிடந்தது. அதையும் மன்னிக்க முடியவில்லை. மனைவி வாசலில் வந்து நின்று விளக்கைக் குறைத்தாள். கூடத்தில் அப்பா யாரிடமோ போனில், "கையப் புடிச்சு நடத்துனாருன்னு சொன்னான் பாருங்க" என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

மறுநாள் காலையிலேயே பாராட்டு குவிந்தது. பல் டாக்டர் ஒருவர் அச்சு அனுப்புவதற்குப் பதில் தானே வந்து கை குலுக்கினார். "இவ்ளோ கம்பீரமான குரல வச்சுக்கிட்டு ஏன்யா இங்க தூசிக்குள்ள உக்காந்திருக்கீங்க?" என்றார். "அது நான் இல்ல" என்றான் அவன், தகரக் குரலில். டாக்டர் தோளைத் தட்டி, "தொண்டையக் கவனிங்க" என்றார். எதிர்த்த கடைக்காரர் படிக்கிற பையனைக் கூட்டிக்கொண்டு வந்து, "இவரு மாதிரி வாத்தியார மதிக்கக் கத்துக்கடா" என்றார். அவன் கையிலிருந்த தாடையை மேசையில் ஓங்கி வைத்தான். கீழ்வரிசை இரண்டாக விண்டது. மெருகுக்காரர் சத்தம் காட்டாமல் அதைப் பொறுக்கித் தன் பக்கம் வைத்துக்கொண்டார்.

நிகழ்ச்சியின் மறு ஒளிபரப்பு அன்று மதியம். அவன் அரை நாள் லீவு போட்டு அதையும் பார்த்தான்.